பதவி போன பிறகு அமெரிக்க ஜனாதிபதிங்க எப்படி பிழைச்சாங்க?

நெய்தல்குமார்:
எல்லாருக்கும் வணக்கம். பொண்ணு பத்தாவது படிக்கிறா, ஸ்கூல்ல அமெரிக்க ஜனாதிபதிங்க பத்தி ப்ராஜெக்ட். லிங்கன், கென்னடி எல்லாம் எல்லா புள்ளைங்களும் எழுதிடும், வேற ஆளா பாப்போம்னு ரெண்டு பேரும் உட்கார்ந்து தேடிட்டு இருந்தோம். திடீர்னு கேக்குறா, "ஏம்ப்பா, எட்டு வருஷம் ஜனாதிபதியா இருந்துட்டு வெளிய வந்தா மறு மாசம் வீட்டு செலவுக்கு என்ன பண்ணுவாங்க?" எனக்கு பதில் தெரியல. இப்போ பென்ஷன், செக்யூரிட்டி எல்லாம் இருக்கு சரி, அந்த காலத்துல? முன்னாடி என்ன தொழில் பாத்தாங்க, பின்னாடி என்ன ஆனாங்கன்னு தெரிஞ்சவங்க கொஞ்சம் சொல்லுங்க.

பழையபேப்பர்:
1958 வரைக்கும் பென்ஷனே கிடையாது சார். அந்த வருஷம் தான் சட்டம் போட்டு வருஷத்துக்கு 25,000 டாலர்னு ஆரம்பிச்சாங்க. அதுக்கு காரணம் ஹாரி ட்ரூமன். கன்சாஸ் சிட்டில சட்டை, டை, தொப்பி விக்கிற ஆம்பளைங்க துணிக்கடை வெச்சு 1922ல நொடிச்சுப் போய், அந்த கடனை வருஷக்கணக்கா கட்டினவர். 1953ல வெள்ளை மாளிகைய விட்டு நேரா சொந்த ஊரான இண்டிபெண்டென்ஸ்ல மாமியார் வீட்டுக்கே திரும்பி வந்தார், கைக்கு வந்தது மாசம் 112 டாலர் சொச்சம் ராணுவ பென்ஷன். அந்த கோடைல காவலுக்கு ஒரு ஆள் கூட இல்லாம மனைவிய பக்கத்துல உட்கார வெச்சு அவரே காரை ஓட்டிட்டு கிழக்குக் கரை வரைக்கும் போய்ட்டு வந்தார்.

கல்வெட்டு_ரசிகை:
அண்ணா, பொண்ணுக்கு யுலிசிஸ் கிராண்ட் பத்தி எழுத சொல்லுங்க. அவ கேட்ட கேள்விக்கு அவரோட வாழ்க்கையே பதில்.

தோல் பதனிடுறவர் மகன், ஒஹாயோல 1822ல பிறந்தவர். ராணுவத்துல சேந்து மெக்சிகோ சண்டை எல்லாம் பாத்துட்டு 1854ல வேலைய விட்டுட்டார். அதுக்கப்புறம் தொட்டது எதுவும் துலங்கல. விவசாயம் பண்ணார், நஷ்டம். விறகு வெட்டி வண்டில ஏத்திட்டுப் போய் செயின்ட் லூயிஸ் தெரு முனைல நின்னு வித்தார். 1857 கிறிஸ்துமஸுக்கு ரெண்டு நாள் முன்னாடி தங்க வாட்ச்சை 22 டாலருக்கு அடகு வெச்சார். இவ்வளவு கஷ்டத்துலயும் 1859ல தன்கிட்ட இருந்த வில்லியம் ஜோன்ஸ்ங்கிற அடிமைய விடுதலை பண்ணி எழுதிக் குடுத்துட்டார், வித்திருந்தா நல்ல காசு கிடைச்சிருக்கும். (அடிமை வெச்சிருந்ததே தப்பு தான், அதையும் ப்ராஜெக்ட்ல விடாம எழுத சொல்லுங்க.) 1860ல அப்பாவோட தோல் கடைல வேலை பாத்துட்டு இருந்த ஆளு, உள்நாட்டுப் போர்ல மறுபடி ராணுவத்துக்குப் போய், 1865ல தெற்கு மாநிலப் படைத் தளபதி ராபர்ட் லீ சரணடைஞ்சப்போ எதிர்ல உட்கார்ந்திருந்த தளபதி, 1869ல ஜனாதிபதி.

ஆட்சில ஊழல் நிறைய நடந்துச்சு, தப்பான ஆளுங்களை நம்பினார்ங்கிறது உண்மை. ஆனா கறுப்பின மக்களைத் தாக்கின வெள்ளை இனவெறிக் கும்பல் கு க்ளக்ஸ் க்ளான் கொட்டத்தை அடக்க 1871ல சட்டம் கொண்டு வந்து ராணுவத்தையே அனுப்பினவரும் அவர் தான். இதுக்கு வரலாறு அவருக்கு ரொம்ப லேட்டா தான் மரியாதை குடுத்துச்சு, எனக்கு அதுல ரொம்ப வருத்தம்.

இப்போ உங்க கேள்விக்கு வரேன். பதவி முடிஞ்சு ரெண்டு வருஷத்துக்கு மேல உலகம் சுத்தினார், இந்தியாவுக்கும் வந்துட்டு போனார். அப்புறம் நியூயார்க்ல ஃபெர்டினாண்ட் வார்ட்னு ஒருத்தன் நடத்தின ஃபைனான்ஸ் கம்பெனில இருந்ததை எல்லாம் போட்டார், மகனும் அதுல பார்ட்னர். அவன் ஒரே பத்திரத்தைக் காட்டி பல இடத்துல கடன் வாங்கிட்டு இருந்திருக்கான். 1884 மே மாசம் ஒரு ஞாயித்துக்கிழமை வீட்டுக்கே வந்து, பேங்க் முழுகுது, 1,50,000 டாலர் புரட்டிக் குடுங்கன்னு நிக்கிறான். இவர் பெரும் பணக்காரர் வாண்டர்பில்ட்கிட்ட போய் தன் பேர்ல கடன் வாங்கி அவன் கைல குடுத்தார். செவ்வாய்க்கிழமை எல்லாம் போச்சு. வீட்ல இவர்கிட்ட 80 டாலரும் மனைவி ஜூலியாகிட்ட 130 டாலரும் தான் மிச்சம். வாண்டர்பில்ட் கடனை விட்டுடுறேன்னு சொல்லியும் கேக்கல, போர்ல கிடைச்ச வாள், மெடல் எல்லாத்தையும் எடுத்துக் குடுத்துட்டார்.

அதே கோடைல ஒரு பீச் பழத்தை கடிச்சு முழுங்கினப்போ தொண்டைல நெருப்பு மாதிரி வலி. காலம் பூரா சுருட்டு பிடிச்சவர், தொண்டைல கேன்சர். தான் போய்ட்டா ஜூலியா என்ன பண்ணுவாங்கன்னு தான் சுயசரிதை எழுத உட்கார்ந்தார். ஒரு பத்திரிகை 10 சதவீதம் ராயல்டின்னு பேசிட்டு இருந்துச்சு, இதைக் கேள்விப்பட்ட எழுத்தாளர் மார்க் ட்வைன் நேர்ல வந்து இது அநியாயம்னு சொல்லி, லாபத்துல பெரும்பங்கு தரேன்னு தன்னோட பதிப்பகத்துக்கு வாங்கிட்டார். பழைய சிப்பாய்ங்களே வீடு வீடா ஏறி வித்தாங்க, 3 லட்சம் செட்டுக்கு மேல போச்சு. ஜூலியாவுக்கு போன முதல் செக் மட்டும் 2 லட்சம் டாலர். அதைப் பாக்க அவர் இல்ல, எழுதி முடிச்ச சில நாள்லயே, 1885 ஜூலை 23 அன்னைக்கு போய்ட்டார்.

ஆல்பனி_மணி:
மேல சொன்ன தங்கச்சி அருமையா எழுதியிருக்காங்க. நான் வேலைக்காக நியூயார்க் மாநிலத்துல ஆல்பனி பக்கம் இருக்கேன், கிராண்ட் கடைசி ஆறு வாரம் இருந்த மவுண்ட் மெக்ரெகர் வீடு இங்க இருந்து பக்கம் தான், போன வருஷம் குடும்பத்தோட போய்ட்டு வந்தோம். ரெண்டு தோல் நாற்காலிய எதிரெதிரா போட்டு வெச்சிருக்காங்க. படுத்தா மூச்சு முட்டும்னு ராத்திரில அதுல தான் சாஞ்சு கால் நீட்டிப்பாராம். பேச்சு நின்னு போனதால டாக்டருக்கு சொல்ல வேண்டியதை எல்லாம் துண்டு பேப்பர்ல பென்சிலால எழுதிக் குடுத்திருக்கார். உயிர் போன உடனே மகன் கடிகாரத்தை நிறுத்தினாராம், அது இன்னைக்கும் 8 மணி 8 நிமிஷத்துல நிக்குது. என் மனைவி அந்த நாற்காலி கிட்டயே ரொம்ப நேரம் நின்னுட்டு இருந்தாங்க, அவங்க அப்பாவும் அதே நோய்ல தான் போனார்.

சட்டப்புத்தகம்:
பழையபேப்பர் சார், ட்ரூமன் விஷயத்துல ஒரு சின்ன திருத்தம். அவர் ஏழைங்கிறது பாதி கதை தான். தன் நினைவுகளை எழுதித் தர பெரிய தொகைக்கு ஒப்பந்தம் போட்டார், குடும்ப நிலமும் வித்தாங்க. பின்னால கணக்கை எல்லாம் எடுத்துப் பாத்த ஒரு சட்டப் பேராசிரியர், அவர் வசதியா தான் இருந்தார்னு எழுதினார். பொண்ணு எழுதும்போது இதையும் சேத்துக்கட்டும்.

வேப்பமரம்:
ஜிம்மி கார்ட்டரை விட்டுட்டீங்களே. 1981ல ஜார்ஜியால ப்ளெயின்ஸ் கிராமத்துக்கு திரும்பினப்போ நிலக்கடலை வியாபாரம் முழுக்க கடன்ல கிடந்துச்சு, வித்துட்டு தான் நிமிர்ந்தார். நம்ம பெரியவங்க நரம்புச் சிலந்தின்னு சொல்வாங்களே, கால்ல கொப்புளம் வெடிச்சு நூல் மாதிரி புழு வெளிய வரும், குச்சில சுத்தி நாள் கணக்கா இழுக்கணும், அந்த நோயை ஒழிக்கணும்னு கிராமம் கிராமமா போனவர். 1986ல உலகத்துல 35 லட்சம் பேருக்கு இருந்துச்சு, 2023ல 14 பேர். அவரோட அம்மா லில்லியன் 68 வயசுல மும்பை விக்ரோலில வந்து நர்ஸ் வேலை பாத்தவங்க, அந்த வீட்டுப் புள்ளை அப்படித்தான் இருக்கும்.

நெய்தல்குமார்:
எல்லாருக்கும் ரொம்ப நன்றி. பொண்ணு கிராண்ட்னு முடிவு பண்ணிட்டா, வாட்ச் அடகு வெச்ச இடத்துல இருந்து ஆரம்பிக்கப் போறாளாம். ஒரே ஒரு சந்தேகம் கேக்குறா, அவ்வளவு பெரிய ஜெனரலுக்கு ராணுவ பென்ஷனாவது வந்திருக்கணுமே?

கல்வெட்டு_ரசிகை:
நல்ல கேள்விடா கண்ணு. ஜனாதிபதி ஆகணும்னா ஜெனரல் பதவிய ராஜினாமா பண்ணணும், அதோட அந்த சம்பளமும் போச்சு. நோய் முத்தினப்போ தான் காங்கிரஸ் (அமெரிக்க நாடாளுமன்றம்) அந்தப் பதவிய திருப்பிக் குடுத்துச்சு, 1885 மார்ச் 4 அன்னைக்கு, ஜனாதிபதி ஆர்தரோட பதவிக்காலம் முடியிற கடைசி நிமிஷங்கள்ல. தந்தி வந்தப்போ கிராண்ட் வீட்ல வலியோட இருந்தார். நாலரை மாசம் தான் அந்த சம்பளம் வந்துச்சு.