அம்மாவின் 13 புள்ளி சிக்குக் கோலம் யாருக்காவது தெரியுமா?

வணக்கம். அம்மாவின் பழைய கோல நோட்டில் ஒரு பக்கம் பாதி கிழிந்துவிட்டது. மிச்சமிருப்பது மேலே அவர் எழுதிய ஒரு வரிதான்: "13 புள்ளி, இடைப்புள்ளி, 7 வரை." அதாவது நடு வரிசையில் 13 புள்ளி, மேலும் கீழும் முந்தைய வரிசைப் புள்ளிகளின் இடையிடையே புள்ளி வைத்து 7 வரை குறைத்துக்கொண்டு போவது. கீழே இரண்டு வளைவுகள் மட்டும் தெரிகின்றன. சிக்குக் கோலம். நடுவில் சின்ன தாமரை மாதிரி வரும், ஒரே இழையில் கையெடுக்காமல் சுற்றிவந்து தொடங்கிய இடத்திலேயே முடியும்.

மார்கழியில் விடியுமுன் சாணம் தெளித்து, இதைப் போட்டு நடுவில் பூசணிப்பூ வைப்பார். இப்போது முழங்கால் வலியால் அவரால் உட்கார முடியவில்லை. இந்த மார்கழி முதல் நாள் நான் போட்டு, அவரைத் திண்ணையில் உட்காரவைத்துக் காட்ட வேண்டும். நானே நாலு முறை முயன்றேன், ஒவ்வொரு முறையும் இழை இரண்டாகப் பிரிந்துவிடுகிறது. தெரிந்தவர்கள் தாளில் வரைந்து படம் போட்டால் போதும்.

அப்புறம் இன்னொன்று. எறும்பும் குருவியும் தின்னட்டும் என்று அம்மா அரிசி மாவில்தான் போடுவார், கல்மாவு தொடமாட்டார். நான் பச்சரிசியை நைஸாக அரைத்தால் விரலில் ஒட்டிக்கொண்டு கோடு விட்டுவிட்டு விழுகிறது. கொஞ்சம் கொரகொரப்பாக அரைக்க வேண்டுமா? பழக்கம் உள்ளவர்கள் சொல்லுங்களேன்.