ஷ்லிங்கன்சீஃப் படத்தில் அதிர்ச்சியைத் தவிர ஏதாவது இருக்கிறதா?

மாலைக்காட்சி:
ஜெர்மன் இயக்குநர் கிறிஸ்டோஃப் ஷ்லிங்கன்சீஃப் 1990-இல் எடுத்த 'ஜெர்மன் செயின்சா' படம் பார்த்தேன். இரண்டு ஜெர்மனிகளும் இணைந்த கையோடு கிழக்கிலிருந்து வருபவர்களை, மேற்கில் ஒரு கசாப்புக் குடும்பம் வெட்டி சாசேஜ் ஆக்குகிறது. படம் முழுக்க ஒரே கத்தல், ரத்தம். தலைவலிதான் மிச்சம். இவரை ஏன் கொண்டாடுகிறார்கள்?

பழையரீல்:
கத்தல்தான், மறுக்கவில்லை. ஆனால் வந்த நேரத்தைப் பாருங்கள். அக்டோபர் 3 இணைப்பு விழாக் காட்சியோடுதான் படமே தொடங்கும். அந்த வருஷம் முடிவதற்குள் தியேட்டருக்கு வந்துவிட்டது. "நண்பர்களாக வந்தார்கள், சாசேஜ் ஆனார்கள்" என்பதுதான் விளம்பர வாசகம். ஊரே பட்டாசு வெடிக்கும்போது இப்படிச் சொல்ல நெஞ்சழுத்தம் வேண்டும்.

அவருடைய அசல் வேலை திரைக்கு வெளியேதான் என்பேன். 2000 பிப்ரவரியில், வெளிநாட்டவர் குடியேற்றத்தை எதிர்த்த தீவிர வலதுசாரி அரசியல்வாதி ஹைடரின் கட்சி ஆஸ்திரிய ஆட்சியில் பங்கு பெற்றது. ஜூனில் இவர் வியன்னா ஆப்பெரா அரங்கின் பக்கத்திலேயே கன்டெய்னர்களை இறக்கினார். உள்ளே தஞ்சம் கேட்டு வந்தவர்கள் 12 பேர். நம்ம பிக் பாஸ் மாதிரியேதான்: தினம் இரண்டு பேரை மக்கள் ஓட்டுப் போட்டு வெளியேற்றலாம். வெளியேறினால் நாடு கடத்தல். ஜெயித்தால் பணம், ஆள் கிடைத்தால் ஆஸ்திரியரோடு கல்யாணம். மேலே பெரிய பேனர்: "வெளிநாட்டவரே வெளியேறுங்கள்". இவர் மெகாஃபோனோடு கூரையில் நின்று, சுற்றுலாப் பயணிகளைப் போட்டோ எடுக்கச் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்.

வலதுசாரிகளுக்கு ஊர் மானம் போகிறதே என்று கோபம். வேடிக்கை என்னவென்றால், இடதுசாரிப் போராட்டக்காரர்களே கன்டெய்னர் மேல் ஏறி பேனரைக் கிழிக்கப் போனார்கள். உள்ளே இருந்தவர்களை மீட்கிறார்களாம்! நாடகம் எது, நிஜம் எது என்று யாருக்கும் பிடிபடவில்லை. செயின்சாவில் நீங்கள் வெறும் பார்வையாளர். இங்கே சதுக்கத்தில் நின்று கத்தியவர் எல்லாருமே நடிகர்கள்.

தேநீர்இடைவேளை:
எல்லாம் சரி, அந்த 12 பேர்? விக்கும் தொப்பியும் மாட்டி, பேப்பரால் முகத்தை மறைத்துக்கொண்டு கூட்டத்தைக் கடந்து போனார்கள். பெயர் வாங்கியது இயக்குநர்.

பழையரீல்:
அது எனக்கும் உறுத்துகிறது. நிகழ்ச்சி முடிந்து அவர்களுக்கு என்ன மிஞ்சியது என்று கேட்டால், அதிர்ச்சி வைத்தியம் என்று இவரை நியாயப்படுத்தும் பேச்சு செல்லாது.

மாலைக்காட்சி:
சரி, இதைப் பார்க்க வழி உண்டா?

பழையரீல்:
பால் போயட் எடுத்த ஆவணப்படம் இருக்கிறது. கூட்டத்தில் சண்டை போடுகிறவர்களின் முகங்களைக் கவனியுங்கள்.