குரோம்வெல் டாங்கியின் எஞ்சின் என்று வாங்கியது படங்களோடு பொருந்தவில்லை: இது மீட்டியோர்தானா?

மாதிரிக்கலம் (இழையைத் தொடங்கியவர்):

அனைவருக்கும் வணக்கம். இரண்டாம் உலகப் போர்க்காலத்துப் பிரிட்டிஷ் டாங்கியான குரோம்வெல்லின் 1:35 அளவு மாதிரி ஒன்றைச் செய்துகொண்டிருக்கிறேன். பின்புற எஞ்சின் அறையின் மூடிகளைத் திறந்த நிலையில் காட்ட விரும்பியதாலும், மாதிரிப் பெட்டியில் எஞ்சின் இல்லாததாலும், இணையவழிச் சிறு விற்பனையாளர் ஒருவரிடம் ரெசினில் வார்த்த எஞ்சினைத் தனியாக வாங்கினேன். அதன் உறையில் ‘பிரிட்டிஷ் குரூசர் டாங்கி எஞ்சின், வி-12, 27 லிட்டர்’ என்று மட்டுமே அச்சிட்டிருந்தார்கள் (குரூசர் என்பது பிரிட்டனின் வேகமான டாங்கி வகை; வி-12 என்பது ‘V’ வடிவில் இரண்டு வரிசைகளாகப் பன்னிரண்டு சிலிண்டர்கள் கொண்ட எஞ்சின்). குரோம்வெல்லில் இருந்தது ரோல்ஸ் ராய்ஸ் மீட்டியோர் என்றும், அது 27 லிட்டர் கொள்ளளவுள்ள வி-12 என்றும் படித்திருந்ததால், நான் மேற்கொண்டு யோசிக்கவில்லை.

இப்போது மீட்டியோரின் படங்களோடு ஒப்பிட்டால் எதுவும் ஒத்துவரவில்லை. படங்களில் ஒவ்வொரு வரிசையிலும் உள்ள ஆறு சிலிண்டர்களும் ஒரே வார்ப்புக் கட்டையாக இருக்கின்றன; அவற்றின் மேல் நீளமான, வழுவழுப்பான மூடி ஒன்று இருக்கிறது. என்னிடம் உள்ளதிலோ சிலிண்டர்கள் தனித்தனியாக, இடைவெளி விட்டு நிற்கின்றன. தலைப்பகுதியில் வால்வுச் சுருள்வில்கள்கூட வெளியே தெரிகின்றன. இது வார்ப்பின் குறையா, அல்லது மீட்டியோரின் தொடக்க வடிவமா?

இதோடு இன்னும் இரண்டு ஐயங்கள் உள்ளன. மீட்டியோர் என்பது ஸ்பிட்ஃபயர் விமானத்தின் மெர்லின் எஞ்சினே என்கிறார்கள். விமானத்தில் 1,000 குதிரைத்திறனுக்கு மேல் தந்த எஞ்சின் டாங்கியில் 600 மட்டுமே தந்தது எப்படி? மேலும், செஞ்சுரியன் டாங்கியின் எஞ்சின் பற்றிய குறிப்பு ஒன்றில் தயாரிப்பாளர் ரோவர் என்றிருக்கிறது. கார் நிறுவனத்தின் பெயர் அங்கே எப்படி வந்தது?

பல்சக்கரம்:

வார்ப்பைக் குறை சொல்வதற்கு முன்னால் இரண்டு சோதனைகளைச் செய்து பாருங்கள். எஞ்சினை முகப்பிலிருந்து நேராகப் படமெடுத்து, இரண்டு சிலிண்டர் வரிசைகளுக்கும் இடையிலுள்ள கோணத்தைக் கோணமானியால் அளந்து சொல்லுங்கள். பிறகு ஒரு சிலிண்டரின் தலையில் எத்தனை வால்வுச் சுருள்வில்கள் இருக்கின்றன என்று உருப்பெருக்கியின் துணையோடு எண்ணுங்கள். மெர்லினிலும் மீட்டியோரிலும் கோணம் 60 பாகை. சிலிண்டருக்கு நான்கு வால்வுகள். ஆனால் மூடியைக் கழற்றாமல் அவற்றைப் பார்க்கவே முடியாது. கொள்ளளவை மட்டும் வைத்து எதையும் முடிவு செய்ய இயலாது.

மாதிரிக்கலம்:

விரைவான மறுமொழிக்கு நன்றி. கோணம் 45 பாகை என்று வருகிறது. அளவெடுப்பில் ஓரிரு பாகை முன்பின் இருக்கலாமே தவிர, 60 ஆக இருக்க வாய்ப்பே இல்லை. சிலிண்டருக்கு இரண்டு சுருள்வில்கள்தான் தெரிகின்றன.

பல்சக்கரம்:

அப்படியானால் ஐயத்துக்கு இடமில்லை, உங்களிடம் இருப்பது லிபர்ட்டி எஞ்சின். வார்ப்பில் குறை ஏதுமில்லை. சொல்லப்போனால் வால்வுச் சுருள்வில் வரை வார்த்திருப்பவர் நல்ல வேலைக்காரர். உறையில் எழுதியதும் பொய்யில்லை, அரைகுறை உண்மை. லிபர்ட்டியின் கொள்ளளவு 1,649 கன அங்குலம், மெர்லினுடையது 1,647 கன அங்குலம். லிட்டரில் சொன்னால் இரண்டுமே 27. லிபர்ட்டியின் சிலிண்டர் விட்டம் 5 அங்குலம், பிஸ்டன் ஓட்டம் 7 அங்குலம். மெர்லினில் இவை முறையே 5.4 அங்குலமும் 6 அங்குலமும் ஆகும். தொடர்பே இல்லாத இரண்டு எஞ்சின்கள் தற்செயலாக ஒரே கொள்ளளவில் வந்து நிற்பதால் இந்தக் குழப்பம் பலருக்கும் நேர்கிறது.

லிபர்ட்டி பிறப்பால் பிரிட்டிஷ் எஞ்சினே அல்ல. முதல் உலகப் போரில் அமெரிக்கா இறங்கிய 1917-இல், பேக்கார்ட் நிறுவனத்தின் ஜெஸ்ஸி வின்சென்ட்டும் ஹால்-ஸ்காட் நிறுவனத்தின் எல்பர்ட் ஹாலும் வாஷிங்டனில் ஒரு விடுதி அறையில் அமர்ந்து, ஒரு வாரத்துக்குள் வரைந்து முடித்த விமான எஞ்சின் அது. எஃகால் செய்த தனித்தனி சிலிண்டர்கள், ஒவ்வொன்றையும் சுற்றித் தகட்டால் பற்றவைத்த நீருறை என்பது அக்காலத்து முறை; நீங்கள் பார்க்கும் இடைவெளிகள் அதனால் வந்தவை. 1936-இல் அமெரிக்கரான வால்ட்டர் கிறிஸ்டியின் டாங்கி ஒன்றைப் பிரிட்டன் வாங்கியபோது அதற்குள் இருந்தது இந்த எஞ்சின்தான். நஃபீல்ட் நிறுவனம் உரிமம் பெற்று இதை 340 குதிரைத்திறன் அளவில் தயாரித்தது. அது குரூசேடர் டாங்கியில் வட ஆப்பிரிக்கப் பாலைவனம் வரை போனது. அங்கே மணல் புகுந்து பழுதான நீர் பம்புகளும், குளிர்விக்கும் விசிறிகளை ஓட்டிய சங்கிலிகளின் தொல்லையும் சேர்ந்து அதற்குக் கெட்ட பெயரை வாங்கித் தந்தன. விமானத்தில் முகப்புக் காற்று பீய்ச்சி அடிக்கும்போது எளிதாகக் குளிர்ந்த எஞ்சினை இரும்புப் பெட்டிக்குள் அடைத்துவிட்டு, குளிர்ச்சிக்கு விசிறியை நம்பியதன் விளைவு அது.

கணக்குப்பிள்ளை:

600 குதிரைத்திறன் பற்றிய கேள்விக்கு நான் விடை சொல்கிறேன். காணாமல் போனதாகத் தோன்றும் திறன் முழுவதற்கும் கணக்கு இருக்கிறது.

மீட்டியோர் 600 குதிரைத்திறனை நிமிடத்துக்கு 2,550 சுற்றில் தந்தது. மெர்லின் III தன் 1,030 குதிரைத்திறனை 3,000 சுற்றில் தந்தது. முதலில் சுற்று வேகத்தைச் சமன் செய்வோம்: 600-ஐ 3,000-ஆல் பெருக்கி 2,550-ஆல் வகுத்தால் ஏறத்தாழ 706 வரும். அடுத்தது சூப்பர்சார்ஜர். மெர்லினில் அது காற்றையும் எரிபொருளையும் சாதாரண வளிமண்டல அழுத்தத்துக்கு மேல் சதுர அங்குலத்துக்கு 6.25 பவுண்டு கூடுதலாக அழுத்தித் திணித்தது. வளிமண்டல அழுத்தம் 14.7 பவுண்டு என்பதால், சிலிண்டருக்குள் போகும் கலவை ஏறத்தாழ 1.425 மடங்காகிறது. 706-ஐ 1.425-ஆல் பெருக்கினால் 1,006 கிடைக்கும். சூப்பர்சார்ஜரைச் சுழற்றவே எஞ்சின் செலவழிக்கும் திறன், அழுத்தத்தால் சூடாகும் கலவை ஆகியவற்றையெல்லாம் விட்டுவிட்டுப் போட்ட தோராயக் கணக்கே 1,030-க்கு இவ்வளவு அருகில் வந்து நிற்கிறது. அதே மெர்லின் III-க்கு 100 ஆக்டேன் பெட்ரோல் ஊற்றி அழுத்தத்தை 12 பவுண்டாக உயர்த்தியபோது அது ஏறத்தாழ 1,300 குதிரைத்திறன் தந்தது. மேற்கண்ட கணக்கும் 1,282 என்று சொல்கிறது.

எனவே டாங்கி எஞ்சின் பலவீனமானது என்று எண்ண வேண்டாம். ஐந்தாயிரம் மீட்டர் உயரத்தில் மெலிந்துபோகும் காற்றை ஈடுசெய்யத்தான் விமானத்துக்குச் சூப்பர்சார்ஜர் தேவைப்பட்டது. தரையில் ஊரும் டாங்கிக்கு அந்தத் தேவை இல்லை. தவிர, தரைப்படைக்குக் கிடைத்த தரம் குறைந்த பெட்ரோலை வைத்துக்கொண்டு அந்த அழுத்தத்தில் ஓட்டியிருந்தால் சிலிண்டருக்குள் கலவை தானாக வெடித்துப் பிஸ்டன்கள் பாழாகியிருக்கும்.

பல்சக்கரம்:

மேலே உள்ள கணக்கு மிகத் தெளிவாக இருக்கிறது. சூப்பர்சார்ஜரோடு வேறு என்னென்ன மாறின என்பதையும் சொல்லிவிடுகிறேன், ஏனெனில் மீட்டியோரை வாங்குவதற்குப் பதிலாக யாராவது மெர்லின் வார்ப்பை வாங்கி, வெட்டிச் சரிசெய்துவிடலாம் என்று யோசனை சொல்லக்கூடும்.

1940-இன் இறுதியிலும் 1941-இலும் இந்த வேலையைச் செய்தது டபிள்யூ. ஏ. ரோபோத்தமின் சிறு குழு. டெர்பிஷயரில் பெல்ப்பர் என்ற ஊரில் இருந்த ஒரு பழைய வார்ப்பாலை அவர்களின் பட்டறை. முதலில் மெர்லினுக்கு மூத்ததான 21 லிட்டர் கெஸ்ட்ரல் எஞ்சினைக்கூடப் பரிசீலித்தார்கள். சூப்பர்சார்ஜர் இல்லாத நிலையில் அது லிபர்ட்டியைவிடப் பெரிதாக எதுவும் தந்துவிடாது என்று தெரிந்த பிறகே மெர்லினுக்கு வந்தார்கள். பின்னால் இருந்த சூப்பர்சார்ஜரையும், முன்னால் புரொப்பெல்லரின் வேகத்தைக் குறைக்க வைத்திருந்த பற்சக்கரத் தொகுதியையும் நீக்கினார்கள். டாங்கியின் கியர்பாக்ஸ் எதிர்பார்த்த திசையில் சுழல வேண்டும் என்பதற்காகக் வால்வுகளைத் திறந்து மூடும் கேம்ஷாஃப்டுகளை மாற்றி, எஞ்சின் சுழலும் திசையையே புரட்டினார்கள். எடையைப் பற்றிக் கவலை இல்லாததால், அடித்து உருவாக்கிய பிஸ்டன்களுக்குப் பதிலாக வார்த்த பிஸ்டன்கள் போதுமானவையாக இருந்தன. இதில் எனக்கு மிகவும் பிடித்த செய்தி, விமானத்துக்கு ஆகாது என்று ஒதுக்கிய உறுப்புகளும், விழுந்து நொறுங்கிய விமானங்களிலிருந்து மீட்ட உறுப்புகளும் மீட்டியோருக்குப் போதுமானவையாக இருந்தன என்பதுதான். ஒரு மெர்லினைக்கூட விட்டுத்தர மனமில்லாத விமானத்துறையின் கண்ணெதிரே டாங்கிப் படைக்கு எஞ்சின் கிடைத்த வழி அது.

1941 ஏப்ரலில் ஒரு குரூசேடரில் இதைப் பொருத்தி ஆல்டர்ஷாட்டில் ஓட்டிக் காட்டினார்கள். வண்டி போன வேகத்தில் நேரத்தைச் சரியாகக் குறிக்க முடியாமல் சோதனையாளர்கள் திணறி, மணிக்கு 80 கிலோமீட்டர் இருக்கும் என்று மதிப்பிட்டார்கள்.

ஆனால் எஞ்சினைத் தயாரிப்பதாக இருந்த லேலண்ட் நிறுவனம், குளிர்விப்பு போதாது என்று தயங்கி, லிபர்ட்டியே போதும் என்று விலகியது. அதன் விளைவாக ஒரே உடலமைப்பில் இரண்டு டாங்கிகள் பிறந்தன: மீட்டியோர் பொருத்தியது ஏ27எம், அதாவது குரோம்வெல், லிபர்ட்டி பொருத்தியது ஏ27எல், அதாவது செண்டார். உங்கள் எஞ்சின் செண்டாருக்கு உரியது. ஏறத்தாழ 28 டன் எடையை இழுக்க அதற்கு 400-க்குச் சற்றே குறைந்த குதிரைத்திறன்தான் இருந்தது. பின்னாளில் மீட்டியோர் கிடைக்கும்போது மாற்றிக்கொள்ளலாம் என்ற எண்ணம் வடிவமைப்பிலேயே இருந்ததால், சில செண்டார்கள் எஞ்சின் மாற்றப்பட்டு குரோம்வெல் III ஆயின.

பழைய பணிமனை:

தம்பி, ரோவர் பற்றிய உங்கள் கேள்விக்கு யாரும் விடை தரவில்லை. செஞ்சுரியன்களைப் பழுதுபார்த்த பணிமனையில் இளமையில் வேலை செய்தவன் என்ற முறையில் எழுதுகிறேன்.

ஃப்ராங்க் விட்டில் கண்டுபிடித்த ஜெட் எஞ்சினைத் தொழிற்சாலை அளவில் தயாரிக்கும் பொறுப்பைப் போர்க்காலத்தில் ரோவரிடம் கொடுத்திருந்தார்கள். விட்டிலின் நிறுவனத்துக்கும் ரோவருக்கும் ஒத்துப்போகாமல் வேலை தேங்கியது. 1942-இன் இறுதியில், ரோல்ஸ் ராய்ஸின் எர்னஸ்ட் ஹைவ்ஸும் ரோவரின் ஸ்பென்சர் வில்க்ஸும் கிளிதரோ என்ற ஊரில் ஒரு விடுதியில் இரவு உணவுக்கு அமர்ந்தபோது, ஜெட் வேலையை நீங்கள் எங்களிடம் கொடுங்கள், நாட்டிங்காமில் உள்ள எங்கள் டாங்கி எஞ்சின் தொழிற்சாலையை எடுத்துக்கொள்ளுங்கள் என்று ஹைவ்ஸ் பேசி முடித்துவிட்டார். மீட்டியோர் ரோவருக்குப் போனது அப்படித்தான். வேடிக்கை என்னவென்றால், ரோல்ஸ் ராய்ஸ் பெற்றுக்கொண்ட அந்த ஜெட் எஞ்சினுக்கு வெல்லண்ட் என்று பெயர்; அதைப் பொருத்தி 1944-இல் பறந்த போர் விமானத்தின் பெயரும் மீட்டியோர்தான். தேடும்போது இரண்டும் கலந்து வரும், கவனமாக இருங்கள். மீட்டியோரிலிருந்து நான்கு சிலிண்டர்களைக் குறைத்து 18 லிட்டர் வி-8 ஆக்கிய மீட்டியோரைட் என்ற எஞ்சினும் உண்டு. டாங்கிகளைச் சுமந்து செல்லும் தார்னிகிராஃப்ட் ஆண்டார் வண்டிகளில் அது இருந்தது.

செஞ்சுரியனில் இந்த எஞ்சின் 650 குதிரைத்திறன் தந்தது. 50 டன் வண்டிக்கு அது கொஞ்சம் குறைவுதான். சாலையில் மணிக்கு 35 கிலோமீட்டரைத் தொடுவதே பெரிது, பெட்ரோலையோ கணக்கில்லாமல் குடிக்கும். ஆனாலும் 1965 செப்டம்பரில் பஞ்சாபின் அசல் உத்தரில் பாகிஸ்தானின் பாட்டன் டாங்கிகளை எதிர்த்து நின்ற நம் செஞ்சுரியன்களில் ஓடியது இந்த எஞ்சின்தான். ஆவடியில் தயாரான விஜயந்தாவிலும் இதுவே இருந்தது என்று சிலர் எழுதுகிறார்கள், அது சரியல்ல. அதில் இருந்தது லேலண்ட் எல்60, முற்றிலும் வேறு குலத்தைச் சேர்ந்த இரண்டு வீச்சு எஞ்சின்.

இன்னொன்று: இணையத்தில் கிடைக்கும் மீட்டியோர் படங்களில் பெரும்பாலானவை செஞ்சுரியனின் எஞ்சின் அறையில் எடுத்தவை. மின்கலத்தை ஏற்றுவதற்காக அதில் நான்கு சிலிண்டர் மோரிஸ் எஞ்சின் ஒன்றும் பக்கத்தில் இருக்கும். அது செஞ்சுரியனுக்கு உரியது. அதைப் பார்த்துக் குரோம்வெல்லுக்குள்ளும் வைத்துவிடாதீர்கள்.

மாதிரிக்கலம்:

ஐயா, உங்களுக்கும் மற்ற இருவருக்கும் மிக்க நன்றி. விற்பனையாளருக்குக் கடுமையாக எழுதி வைத்திருந்த கடிதத்தை அழித்துவிட்டேன். ‘குரூசர் டாங்கி’ என்பதோடு எஞ்சினின் பெயரையும் அச்சிடுங்கள் என்று மட்டும் கேட்கப்போகிறேன். வேறு எஞ்சின் வாங்காமல், மாதிரியையே செண்டாராக மாற்றிவிடலாம் என்று தோன்றுகிறது. ஆனால் பெட்டியில் உள்ளது 75 மி.மீ. பீரங்கி. நார்மண்டிக் கரையில் இறங்கிய செண்டார்களில் 95 மி.மீ. ஹோவிட்சர் (குண்டை உயர வளைவாக எறியும் குட்டைக் குழாய்ப் பீரங்கி) இருந்ததாகப் படித்தேன். பீரங்கியையும் மாற்ற வேண்டுமா?

பல்சக்கரம்:

கட்டாயமில்லை. 1944 ஜூன் 6-ஆம் நாள் ராயல் மரீன் படையினர் கொண்டுபோனவை செண்டார் IV. அவற்றில்தான் 95 மி.மீ. ஹோவிட்சர் இருந்தது. நீங்கள் அந்தப் படையின் அடையாளங்களை வரைய விரும்பினால் மட்டுமே மாற்ற வேண்டும். செண்டார் III-இல் 75 மி.மீ. பீரங்கியே இருந்தது. எண்ணிக்கையில் அது குறைவு என்றாலும், உங்கள் பெட்டியில் உள்ள கோபுரத்தையும் பீரங்கியையும் அப்படியே வைத்துக்கொண்டு, பிரிட்டனில் பயிற்சிக்கு நின்ற வண்டியாக அதைக் காட்டினால் யாரும் குறை சொல்ல முடியாது. எஞ்சினை ஒட்டுவதற்கு முன்னால் அந்தச் சுருள்வில்களுக்கு மட்டும் தனியாக எஃகு நிறம் பூசிவிடுங்கள்; அறைக்குள் இறக்கிய பிறகு தூரிகை அங்கே எட்டாது.