வேட்புமனுவுக்கு ரசீது கொடுத்தார்களா இல்லையா?

மேட்டுக்காடு:
"கூட்டுறவுச் சங்கத் தேர்தலுக்கு வாக்கு இயந்திரம் வந்தால் போதும், முறைகேடு ஒழிந்துவிடும்" என்று நேற்று இங்கே ஒருவர் எழுதியிருந்தார். படித்ததிலிருந்து வயிறு எரிகிறது. ஓட்டுப்போடும் நாள் என்று ஒன்று வந்தால்தானே இயந்திரம்? 2018-இல் எங்கள் தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுச் சங்கத்தில் வரிசையில் நின்று மனு கொடுத்தேன். வாங்கி மேசை இழுப்பறைக்குள் போட்டார்கள். ரசீது கேட்டதற்கு "அப்புறம் தர்றோம்" என்றார்கள். மறுநாள் பட்டியலில் என் பெயரே இல்லை. நிர்வாகக் குழுவின் 11 இடத்துக்கு 11 பேர், போட்டியின்றித் தேர்வு.

தராசு:
எழுதியது நான்தான். உங்கள் மனு தள்ளுபடியானதற்கு இயந்திரம் என்ன செய்யும்? கடன் தவணை தவறியிருப்பீர்கள். தவணை தவறியவர் நிர்வாகக் குழுவுக்கு வர முடியாது, 1983 கூட்டுறவுச் சங்கச் சட்டத்திலேயே இருக்கிறது.

மேட்டுக்காடு:
தள்ளுபடி என்று யார் சொன்னது? மனு வரவே இல்லை என்றார்கள்! ரசீது கையில் இருந்தால் அப்படிச் சொல்ல வாய் வருமா? அதற்குப் பதில் சொல்லுங்கள்.

பழைய எழுத்தர்:
20 வருஷம் சங்கத்தில் வேலை பார்த்தவன் சொல்கிறேன். வேர் வாக்காளர் பட்டியலில் இருக்கிறது. செத்தவர் பெயர் உறுப்பினர் பதிவேட்டில் அப்படியே கிடக்கும். நகைக்கடனுக்காக இணை உறுப்பினராகச் சேர்ந்தவருக்கு ஓட்டு கிடையாது, அது தெரியாமல் தேர்தலன்று வாசலில் வந்து சத்தம் போடுவார்.

மேட்டுக்காடு:
அந்தப் பதிவேட்டை 20 வருஷம் வைத்திருந்தது நீங்கள்தானே? செத்தவர் பெயரை எடுக்கக் கை வரவில்லையா?

பழைய எழுத்தர்:
வாரிசு இறப்புச் சான்றோடு வந்து பங்குத்தொகையைக் கேட்டால்தானே எடுப்பது? உங்கள் அப்பா பெயரை எடுக்கச் சொல்லி எழுதிக் கொடுத்தீர்களா?

மேட்டுக்காடு:
அப்பாவை இழுக்காதீர்கள். ரசீதைப் பற்றிப் பேசுங்கள்.

ஏரிக்கரை:
இரண்டு பேரும் நிறுத்துங்கள். 2011-இல் வந்த 97-ஆவது அரசியல் சட்டத் திருத்தம் படித்தீர்களா? குழுவின் காலம் 5 ஆண்டு, அது முடியும் முன்பே தேர்தல், அதை நடத்தத் தனி அமைப்பு.

தராசு:
அதைத்தான் 2021 ஜூலையில் உச்ச நீதிமன்றம் தூக்கிப்போட்டுவிட்டதே.

ஏரிக்கரை:
அரைகுறையாகப் பேசாதீர்கள். பாதி மாநிலங்களின் ஒப்புதல் வாங்கவில்லை என்பதால் மாநிலத்துக்குள் இயங்கும் சங்கங்களுக்கு அந்தப் பகுதி செல்லாது என்றார்கள். ஒன்றுக்கு மேற்பட்ட மாநிலங்களில் இயங்கும் பல மாநிலச் சங்கங்களுக்குச் செல்லும். 2023-இல் அவற்றுக்கென்று தனித் தேர்தல் ஆணையம் அமைக்கச் சட்டமே வந்துவிட்டது.

தராசு:
பல மாநிலச் சங்கம் எங்கே, உரமூட்டை விற்கும் நம் ஊர்ச் சங்கம் எங்கே? சட்டப் புத்தகத்தை மூடுங்கள். இயந்திரம் வேண்டும் என்கிறேன், அவ்வளவுதான்.

மேட்டுக்காடு:
மறுபடியும் இயந்திரம்! நான் கேட்பது ரசீது. வரிசை எண், நேரம், வாங்கியவர் கையெழுத்து. இரண்டு வரி. நேரம் முடிந்ததும் "இத்தனை மனு வந்தது" என்று நிற்பவர்கள் முன்னாலேயே படித்து, பலகையில் ஒட்டட்டும். இதற்கு என்ன செலவு? பயிர்க்கடன் யாருக்கு, உரம் யாருக்கு முதலில் என்பதெல்லாம் அந்தக் குழுவின் கையில். அந்த 11 பேர்தான் தலைவரையும் தேர்ந்தெடுக்கிறார்கள். ஆக, அந்த இழுப்பறை மூடியபோதே எங்கள் ஊர்த் தலைவர் முடிவாகிவிட்டார். ஒரு உறுப்பினருக்கு ஒரு ஓட்டு, பங்கு எத்தனை இருந்தாலும் சரி. அதுதானே கூட்டுறவு? அந்த ஒரு ஓட்டை நான் 2018-இல் போடவே இல்லை. 2023-இல் குழுவின் காலம் முடிந்து, அதற்குப் பதிலாக அரசு நியமித்த தனி அலுவலர் வந்துவிட்டார். அடுத்த தேர்தலிலும் கையை வீசிக்கொண்டு திரும்பி வரவா?

தராசு:
அன்றைக்கே வழக்குப் போட்டிருக்கலாமே. உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்கு எத்தனை பேர் போனார்கள்!

மேட்டுக்காடு:
என்னத்தைக் காட்டி வழக்குப் போட? ரசீதே இல்லை என்றுதானே கத்திக்கொண்டிருக்கிறேன்!

பழைய எழுத்தர்:
மனு வாங்குவது தேர்தல் அலுவலர். எழுத்தர்மேல் பழி போடும் வேலை வேண்டாம்.

மேட்டுக்காடு:
அலுவலருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து தாளை வாங்கி இழுப்பறையில் போட்டது யார்? அந்தச் சாவி யார் இடுப்பில் இருந்தது? அதைச் சொல்லுங்கள் முதலில்.