வீட்டுக்கடன்: மொத்த வட்டியைப் பார்ப்பதா, மாதத் தவணையைப் பார்ப்பதா? (ஓர் உரையாடல்; ஒவ்வொரு பதிவின் மேலும் இருப்பது பேசுபவரின் புனைபெயர்)

வட்டிக்கணக்கு:

வீட்டுக்கடன் வாங்கப் போகிறவர்கள் முதலில் கேட்பது "இஎம்ஐ எவ்வளவு வரும்?" என்பதுதான். பெரும்பாலும் அதோடு பேச்சு முடிந்துவிடுகிறது. கடன் கொடுப்பவருக்கும் அது வசதி. தவணை கையைக் கடிக்கிறது என்றால் காலத்தை நீட்டிக் காட்டினால் போதும், கையெழுத்து விழுந்துவிடும்.

ஒரு கணக்கு வைக்கிறேன். கடன் 50 லட்சம், ஆண்டு வட்டி 9 சதவீதம், மாதாமாதம் குறையும் அசலுக்கு மட்டும் வட்டி. எந்த நாட்டுப் பணமாக எடுத்துக்கொண்டாலும் விகிதம் ஒன்றுதான்.

15 ஆண்டு என்றால் தவணை 50,713. மொத்த வட்டி 41.28 லட்சம்.
20 ஆண்டு என்றால் 44,986, வட்டி 57.97 லட்சம்.
30 ஆண்டு என்றால் 40,231, வட்டி 94.83 லட்சம்.

இருபதிலிருந்து முப்பதுக்குப் போனால் மாதம் மிச்சமாவது 4,755. அதற்குக் கூடுதலாகக் கட்டும் வட்டி 36.86 லட்சம். இதைத் தெரிந்துகொண்டுதான் எல்லோரும் முப்பதுக்குப் போகிறார்களா?

20 ஆண்டுக் கடனின் தவணை அட்டவணையில் முதல் வரியைப் பாருங்கள். கட்டியது 44,986. வட்டிக்குப் போனது 37,500. அசலில் கழிந்தது 7,486. ஐந்து வருடம் ஒரு தவணைகூடத் தவறாமல் கட்டினால் மொத்தம் 27 லட்சம் போயிருக்கும், அசலில் குறைந்தது 5.65 லட்சம்தான். அசல் பாதியாகக் குறைவதற்குப் பதினான்கு வருடம் ஆகிறது. "பாதிக் காலம் முடிந்தது, பாதிக் கடன் முடிந்தது" என்று நினைப்பவருக்குப் பத்தாம் ஆண்டு முடிவில் இன்னும் 35.5 லட்சம் பாக்கி நிற்கும்.

என் கருத்து: தாங்க முடிகிற மிகக் குறைந்த காலத்துக்கு வாங்குங்கள். கையில் வருவதையெல்லாம் அசலில் போடுங்கள்.

தொலைநோக்கு:

கூட்டல் சரி, அதிலிருந்து நீங்கள் எடுக்கும் முடிவை ஏற்க மாட்டேன். இன்றைய பணத்தையும் முப்பது வருடம் கழித்துக் கொடுக்கும் பணத்தையும் ஒரே மதிப்பு என்று வைத்துக் கூட்டியிருக்கிறீர்கள். 94 லட்சம் என்று பயமுறுத்துவது அந்தக் கூட்டல்தான்.

விலைவாசி ஆண்டுக்கு 6 சதவீதம் ஏறுகிறது என்று வையுங்கள். இருபதாம் ஆண்டில் நீங்கள் கட்டும் 44,986, இன்றைய மதிப்பில் 14,000 சொச்சம். எல்லாத் தவணைகளையும் இப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்தால் 20 ஆண்டுக் கடனுக்கு நீங்கள் கொடுப்பது 63.6 லட்சம், 30 ஆண்டுக் கடனுக்கு 68.3 லட்சம். நீங்கள் சொன்ன 36.86 லட்ச வித்தியாசம் இன்றைய பணத்தில் 4.7 லட்சமாகச் சுருங்கிவிடுகிறது. பத்து வருடம் கூடுதல் அவகாசத்துக்கு அது ஒரு கட்டணம். அந்தக் கட்டணம் தகுமா என்று கேளுங்கள், அது நியாயமான கேள்வி.

நீண்ட காலத் தவணையைச் சூழ்ச்சி போலப் பேசுவதும் சரியில்லை. 1930களுக்கு முன் அமெரிக்காவில் வீட்டுக்கடன் பெரும்பாலும் சில ஆண்டுகளுக்குத்தான் கிடைத்தது. கடைசியில் அசலை ஒரே தொகையாகக் கட்டவோ, புதுக் கடன் எடுக்கவோ வேண்டும். பெருமந்தத்தில் புதுக் கடன் கொடுக்க ஆளில்லாமல் போனபோது ஏராளமானோர் வீட்டை இழந்தார்கள். அதற்குப் பிறகு, 1934இல் கூட்டரசு வீட்டுவசதி நிர்வாகம் வந்து கடன்களுக்கு உத்தரவாதம் கொடுக்கத் தொடங்கியதும்தான் அசலும் வட்டியும் சேர்ந்து மெல்லக் கரையும் நீண்ட காலக் கடன் அங்கே பரவலானது. நீண்ட காலம் கடனாளிக்கு ஒரு பாதுகாப்பு.

வட்டிக்கணக்கு:

பணவீக்கக் கணக்கில் ஒரு அனுமானம் ஒளிந்திருக்கிறது. விலைவாசி ஏறும்போது உங்கள் வருமானமும் அதே அளவு ஏற வேண்டும். ஐம்பது வயதில் வேலை போனவருக்கு "உங்கள் தவணை இன்றைய மதிப்பில் சின்னத் தொகைதான்" என்று சொன்னால் ஆறுதலாக இருக்குமா? அன்றைக்கு அவர் கையில் 44,986 இருக்க வேண்டும்.

இன்னொன்று. "30 ஆண்டுக்கு வாங்கி, மிச்சமாகும் 4,755ஐ முதலீடு செய்" என்று அடுத்து வரப்போகிறது, தெரியும். அதையும் போட்டுப் பார்த்தேன். இருபதாம் ஆண்டு முடிவில் 30 ஆண்டுக் கடனில் 31.76 லட்சம் பாக்கி இருக்கும். மாதம் 4,755 சேர்த்தது 7 சதவீதத்தில் வளர்ந்திருந்தால் 24.8 லட்சம்தான், ஏழு லட்சம் பள்ளம். 11 சதவீதம் கிடைத்தால் 41 லட்சம், நீங்கள் வென்றீர்கள். சமமாகும் புள்ளி எது? வரி போக 9 சதவீதம். கடன் வட்டியும் அதுதான். இருபது வருடம் ஒரு மாதம்கூட விடாமல் அந்த 4,755ஐ எடுத்து வைக்கவும் வேண்டும். அதைச் செய்கிற மனிதர்கள் எத்தனை பேர்?

தொலைநோக்கு:

செய்கிறவர்கள் இருக்கிறார்கள். எல்லோரையும் ஒழுங்கில்லாதவர்கள் என்று வைத்துத் திட்டம் போட வேண்டியதில்லை. நீங்களே சொன்னீர்கள், சமப் புள்ளி கடனின் வட்டி விகிதம் என்று. என் வாதமும் அதுதான். முடிவு விகிதத்தைப் பொறுத்தது. அமெரிக்காவில் 30 ஆண்டு நிலைவட்டிக் கடனின் சராசரி 1981 அக்டோபரில் 18.63 சதவீதம், 2021 ஜனவரியில் 2.65 சதவீதம். 2.65க்கு வாங்கியவர் அவசரப்பட்டு அசலை அடைப்பதில் என்ன லாபம்? 2023இல் அங்கே அரசின் குறுகிய காலப் பத்திரமே 5 சதவீதத்துக்கு மேல் கொடுத்தது. 18.63க்கு வாங்கியவருக்கு ஒவ்வொரு காசையும் கடனில் போடு என்று நானும் சொல்வேன். எல்லோருக்கும் ஒரே அறிவுரை என்பதைத்தான் எதிர்க்கிறேன்.

வாடகைவாசி:

வீட்டின் செலவு கடனோடு முடிவதில்லையே. சொத்துவரி, பழுது, பராமரிப்பு, காப்பீடு எல்லாம் முப்பது வருடமும் ஓடும், அதை யாரும் அட்டவணையில் போடவில்லை. முன்பணமாகக் கொடுத்த தொகை வேறு எங்கும் வளராமல் நிற்பதும் செலவுதான்.

வட்டிக்கணக்கு:

உண்மை. வாங்குவதா வாடகையா என்ற கேள்விக்கு அது கட்டாயம் வேண்டும். வாங்குவது என்று முடிவானபின் கடனை எப்படி வடிவமைப்பது என்பது வேறு பேச்சு, நான் அதோடு நிற்கிறேன்.

கிளை_முன்னாள்:

கடன் பிரிவில் பல வருடம் இருந்தவன். நீங்கள் இருவரும் 9 சதவீதம் கடைசிவரை 9 ஆகவே இருக்கும் என்று வைத்துச் சண்டை போடுகிறீர்கள். நிலைவட்டிக் கடனுக்கு அது பொருந்தும். மிதக்கும் வட்டியில், அதாவது கடன் காலத்தில் ஏறி இறங்கும் வட்டியில், உண்மையான செலவு ஒளிந்திருக்கும் இடமே வேறு.

வட்டி ஏறும்போது இரண்டு வழி உண்டு. தவணையை ஏற்றலாம், அல்லது தவணையை அப்படியே விட்டுக் காலத்தை நீட்டலாம். நாம் எதுவும் சொல்லாவிட்டால் பல இடங்களில் நடப்பது இரண்டாவது. மாதாமாதம் போகும் தொகை மாறாததால் வாடிக்கையாளருக்கு ஒன்றும் உறைக்காது.

அதே 50 லட்சம், 20 ஆண்டு. ஐந்து வருடம் கழித்து வட்டி 9இலிருந்து 10.5 ஆகிறது. பாக்கி 44.35 லட்சம், மீதி 180 மாதம். தவணையை 49,028 ஆக்கினால் அதே 180 மாதத்தில் முடியும். கூடுதலாகக் கட்டுவது 7.3 லட்சம். தவணை 44,986 ஆகவே நின்றால் மீதி 228 மாதமாகிவிடும். நாலு வருடம் கூடுதல், ஏறத்தாழ 21.5 லட்சம். தொலைநோக்கு சொன்ன பணவீக்கத் தள்ளுபடியைக் கழித்தாலும் இது சின்னத் தொகை அல்ல. வட்டி 12.2ஐத் தொட்டால் அந்த மாத வட்டியே தவணையை விழுங்கிவிடும், அசல் ஒரு காசு குறையாது. அந்த நிலை வருவதற்கு முன், அல்லது கடனாளியின் வயது வரம்பு இடிக்கும்போது, தவணையை ஒரேயடியாக ஏற்றுவார்கள்.

கடனோடு சேர்த்து விற்கும் காப்பீட்டையும் கவனியுங்கள். பிரீமியம் 2 லட்சத்தைக் கையிலிருந்து கட்டாமல் கடனிலேயே ஏற்றினால், இருபது வருடத்தில் அதற்கு நீங்கள் கட்டுவது 4.32 லட்சம். ஆய்வுக் கட்டணம், ஆவணக் கட்டணம் எல்லாவற்றையும் வட்டியோடு சேர்த்து ஒரே ஆண்டு விகிதமாகக் கேளுங்கள். அமெரிக்காவில் 1968ஆம் ஆண்டுச் சட்டமே அப்படி ஒரு விகிதத்தை வெளிப்படையாகச் சொல்லச் சொல்கிறது. விளம்பரத்தில் பெரிய எழுத்தில் இருக்கும் விகிதத்தை மட்டும் வைத்து இரண்டு கடன்களை ஒப்பிடக் கூடாது.

இரண்டாம்_ஆண்டு:

எல்லோருக்கும் வணக்கம். என் கடனும் இதே அளவுதான்: 50 லட்சம், 9 சதவீதம், 240 மாதம், மிதக்கும் வட்டி. இரண்டு வருடம் முடிகிறது. கையில் 3 லட்சம் வந்திருக்கிறது. கடனில் போடுவதா, வைப்புத்தொகையில் போடுவதா என்று வீட்டில் ஒரே குழப்பம். வட்டிக்கணக்கு சார், தொலைநோக்கு சார், இரண்டு பேரும் சொல்லுங்கள்.

வட்டிக்கணக்கு:

கடனில் போடுங்கள் மேடம். வட்டி 9 ஆகவே இருந்தால் மீதி 216 மாதம் 186 ஆகக் குறையும். முப்பது தவணை மிச்சம், 13.5 லட்சம். அதே 3 லட்சத்தை 7 சதவீத வைப்பில் பதினெட்டு வருடம் விட்டால் 10.5 லட்சம், அதிலும் வரி உண்டு. ஒன்று மட்டும் கவனம்: காலத்தைக் குறைக்கச் சொல்லுங்கள், தவணையைக் குறைக்க வேண்டாம். தவணையைக் குறைத்தால் மாதம் 2,809தான் குறையும், பதினெட்டு வருடத்துக்குக் கூட்டினால் 6 லட்சம்தான்.

தொலைநோக்கு:

மேடம், முதலில் ஒரு கேள்வி. கையிருப்பு அந்த 3 லட்சம் மட்டும்தானா? அப்படியென்றால் தொடாதீர்கள். கடனில் போட்ட பணம் சுலபமாகத் திரும்பி வராது. வேலைக்கோ உடம்புக்கோ ஒன்று வந்தால், 9 சதவீதக் கடனை அடைத்துவிட்டு இரண்டு மடங்கு வட்டிக்குத் தனிநபர்க் கடன் தேட வேண்டியிருக்கும். ஆறு மாதத் தவணை கையில் இருந்தபின்தான் மற்றதெல்லாம்.

தவணையைக் குறைப்பது பற்றி வட்டிக்கணக்கு சொன்னது பாதிதான் சரி. இரண்டு வழியிலும் அந்த 3 லட்சம் சம்பாதிப்பது அதே 9 சதவீதம். ஒன்றில் பலன் கடைசியில் மொத்தமாக வருகிறது, மற்றதில் மாதாமாதம் வருகிறது. 13.5ஐயும் 6ஐயும் பக்கத்தில் வைத்து ஒப்பிடுவது மறுபடியும் அதே பழைய கூட்டல்.

கிளை_முன்னாள்:

இரண்டாம்_ஆண்டு அவர்களே, இதற்கெல்லாம் முன் உங்கள் கணக்கு அறிக்கையை எடுத்து "மீதித் தவணைகள்" என்ற இடத்தைப் பாருங்கள். 216தானா?

இரண்டாம்_ஆண்டு:

இப்போதுதான் பார்த்தேன். பாக்கி 48.04 லட்சம். வட்டி 10 சதவீதம். மீதித் தவணைகள் 266!

கொஞ்ச நாளைக்கு முன் "வட்டி விகிதம் மாற்றியமைக்கப்பட்டுள்ளது, தங்கள் தவணைத் தொகையில் மாற்றமில்லை" என்று ஒரு குறுஞ்செய்தி வந்தது. தவணை ஏறவில்லை என்று நிம்மதியாக இருந்தோம். இரண்டு வருடம் கட்டியபின், தொடங்கியபோது இருந்ததைவிட இருபத்தாறு மாதம் அதிகமாகப் பாக்கி நிற்கிறது. கோபமாக வருகிறது.

தொலைநோக்கு சார், அவசரத்துக்கு ஆறு தவணைக்கான பணம் தனியாக இருக்கிறது. இந்த 3 லட்சம் அதற்கு மேல்.

வட்டிக்கணக்கு:

அப்படியென்றால் யோசனையே வேண்டாம் மேடம். 3 லட்சத்தை அசலில் போட்டு, தவணையை 44,986 ஆகவே வைத்தால் 266 மாதம் 217 ஆகிவிடும். ஏறத்தாழ பழைய இடத்துக்கே வந்துவிடுவீர்கள். நாற்பத்தொன்பது தவணை. நிச்சயமாக 10 சதவீதம் தரும் வைப்பு வேறு எங்கே இருக்கிறது?

தொலைநோக்கு:

இன்னொரு வழியும் இருக்கிறது, அதைச் சொல்லாமல் விடக் கூடாது. தவணையை 48,032 ஆக ஏற்றச் சொன்னால், அதாவது மாதம் 3,046 கூடக் கட்டினால், 3 லட்சத்தைத் தொடாமலே 216 மாதத்தில் முடியும். சம்பளம் அதைத் தாங்குமென்றால் நான் அதையே எடுப்பேன். வட்டி இன்னும் ஏறினால் அப்போது இந்த 3 லட்சம் கையில் இருக்கும். 10 சதவீதத்தில் கடனில் போடுவதே கணக்குப்படி லாபம் என்பதை மறுக்கவில்லை. கைப்பணத்துக்கு நான் வைக்கும் மதிப்பு அதைவிட அதிகம்.

வட்டிக்கணக்கு:

அவசரப் பணம் தனியாக இருக்கிறது என்று சொல்லிவிட்டார்கள். அதற்கு மேலும் பணத்தைக் கையில் பூட்டி வைப்பதற்கு மாதம் 2,500 வட்டி கட்டுகிறார்கள். எனக்கு ஒப்பவில்லை.

கிளை_முன்னாள்:

இரண்டில் எதைச் செய்தாலும் வாய்வார்த்தையாக விடாதீர்கள். முன்கூட்டிக் கட்டுவதற்கு அபராதம் உண்டா என்று ஒப்பந்தத்தில் பாருங்கள். நிலைவட்டிக் கடன்களில்தான் பெரும்பாலும் அது இருக்கும். 3 லட்சம் கட்டினால், "இது அசலில் வரவு வைக்கப்பட வேண்டும், தவணைத் தொகை மாறாமல் காலம் குறைய வேண்டும்" என்று எழுதிக் கொடுத்துக் கையொப்பமிட்ட நகல் வாங்குங்கள். அப்படி எழுதாவிட்டால் சில இடங்களில் வரும் மாதத் தவணைகளுக்கான முன்பணமாக ஓரமாக வைத்துவிடுவார்கள், அசல் அசையாது. தவணையை ஏற்றுவதானால், இனி வட்டி மாறும்போதெல்லாம் காலம் நீளக் கூடாது, தவணைதான் மாற வேண்டும் என்பதையும் அதே கடிதத்தில் சேர்த்துவிடுங்கள். அடுத்த மாதம் புது அட்டவணை கேட்டு வாங்கி, மீதித் தவணைகள் 217 என்றோ 216 என்றோ இருக்கிறதா என்று நீங்களே பார்த்துவிடுங்கள்.