லினசோலிட் 600: பதினாலு நாள் எழுதியிருக்கிறார்கள், புண் இப்போதே ஆறி வருகிறது, நிறுத்தலாமா?

உசிலைக்காரன்:

அப்பாவுக்கு வயது 63, சுகர் வந்து பதினெட்டு வருடம் ஆகிறது. உசிலம்பட்டிக்குப் பக்கத்துக் கிராமம். தோட்டத்தில் நடக்கும்போது செருப்பைத் துளைத்துக்கொண்டு கருவேல முள் ஏறியிருக்கிறது, பாதத்தில் உணர்ச்சி குறைவு என்பதால் அவருக்குத் தெரியவே இல்லை, திண்ணையில் ரத்தத் தடம் பார்த்து அம்மாதான் கண்டுபிடித்தார். பக்கத்தில் ஒரு டாக்டரிடம் காட்டினோம். ஒரு மாதத்தில் மூன்று ஆன்டிபயாடிக் மாற்றி மாற்றிக் கொடுத்தார், ஒரு தடவைகூட சீழ் எடுத்து டெஸ்ட்டுக்கு அனுப்பவில்லை. புண் கறுத்து நாற்றம் எடுத்த பிறகுதான் மதுரைக்குத் தூக்கிக்கொண்டு ஓடினோம்.

இங்கே சுத்தம் செய்து, சீழில் என்ன கிருமி என்று வளர்த்துப் பார்க்கும் கல்ச்சர் டெஸ்ட்டுக்கு அனுப்பினார்கள். ரிப்போர்ட்டில் எம்.ஆர்.எஸ்.ஏ. என்று ஒரு கிருமியின் பெயர் வந்தது. லினசோலிட் என்ற ஆன்டிபயாடிக்கை மூன்று நாள் டிரிப்ஸில் ஏற்றினார்கள், அப்புறம் அதையே 600 மில்லிகிராம் மாத்திரையாகக் காலையும் இரவும் போடச் சொல்லி டிஸ்சார்ஜ் செய்துவிட்டார்கள், மொத்தம் 14 நாள் கணக்கு. இன்று மாத்திரையில் ஐந்தாம் நாள். சீழ் நின்றுவிட்டது, சதை சிவப்பாக வருகிறது. ஆனால் அப்பாவுக்கு ஒரே குமட்டல், வாயெல்லாம் தகரத்தை நக்கியதுபோல் இருக்கிறதாம், "புண்ணுதான் ஆறிருச்சே, ஹை பவர் மாத்திரையை எதுக்குடா உள்ளே தள்ளுற" என்கிறார்.

டிரிப்ஸை விட்டு மாத்திரைக்கு மாற்றினால் வேகம் குறைந்துவிடாதா? ஆறி வரும்போதே நிறுத்தினால் என்ன? இன்னொன்று, என் சித்திக்கு நீர்க்கடுப்பு, கல்ச்சரில் ஏதோ கிருமி என்று சொன்னார்களாம், "மிச்சம் இருந்தா நாலு மாத்திரை கொடுடா" என்று நேற்றே போன் செய்துவிட்டார்.

வைகைக்கரை:

நான் எந்த ஆன்டிபயாடிக்கையும் மூன்று நாளுக்கு மேல் போட்டதில்லை, நன்றாகத்தான் இருக்கிறேன். உடம்பே பார்த்துக்கொள்ளும் தம்பி. மோர் நிறையக் கொடுங்கள்.

சிம்மக்கல் மெடிக்கல்:

வைகைக்கரை அண்ணே, உங்களுக்கு வந்தது பெரும்பாலும் சளிக்காய்ச்சலாக இருந்திருக்கும், அது மாத்திரை போட்டாலும் போடாவிட்டாலும் போகிறதுதான். சுகர்காரர் காலையும் அதையும் ஒரே தராசில் வைக்காதீர்கள்.

தம்பி, முதலில் டிரிப்ஸ் விஷயம். மற்ற பல மருந்துக்கு உங்கள் சந்தேகம் நியாயம், லினசோலிட்டுக்கு இல்லை. இதை வாயில் போட்டால் ஏறக்குறைய நூற்றுக்கு நூறு ரத்தத்தில் கலந்துவிடும், அதனால்தான் டிரிப்ஸிலும் 600, மாத்திரையிலும் 600. வான்கோமைசின் என்று இன்னொரு மருந்து உண்டு, இதே கிருமிக்குக் கொடுப்பது, அதை ரத்தத்தில் சேர்க்க ஊசி வழியாகத்தான் முடியும், விழுங்கினால் குடலோடு நின்றுவிடும். அது எழுதியிருந்தால் நீங்கள் பதினாலு நாளும் கட்டில் வாடகை கட்டிக்கொண்டு மதுரையிலேயே கிடந்திருப்பீர்கள்.

ஆனால் எனக்கு வேறு ஒரு கவலை. பதினெட்டு வருட சுகர், பாதத்தில் உணர்ச்சி குறைவு என்கிறீர்கள். இந்த மாதிரி ஆட்களில் பாதிப் பேர் கால் எரிச்சலுக்கு என்று தனியாக ஒரு மாத்திரை போட்டுக்கொண்டிருப்பார்கள், புது டாக்டரிடம் அதைச் சொல்லவே மாட்டார்கள், கேட்டால் "அது சும்மா நரம்பு மாத்திரை" என்பார்கள். அப்பாவின் மாத்திரை டப்பாவைத் திறந்து டூலாக்செட்டின், அமிட்ரிப்டிலின், நார்ட்ரிப்டிலின் என்று ஏதாவது எழுதியிருக்கிறதா பாருங்கள். வலிக்கு டிரமடால் இருக்கிறதா, தூக்கத்துக்கோ மனச்சோர்வுக்கோ ஏதாவது போடுகிறாரா என்றும் பாருங்கள். லினசோலிட் கிருமியைத் தடுப்பதோடு நிற்காமல், உடம்பில் செரடோனின் என்ற நரம்பு ரசாயனத்தை உடைக்கும் ஒரு நொதியையும் லேசாக அமுக்கிவிடும். அந்த நரம்பு மாத்திரைகளோ செரடோனினை ஏற்றிவிடுபவை. இரண்டும் ஒன்றாகச் சேர்ந்தால் நடுக்கம், வியர்வை, படபடப்பு, பேச்சுக் குழறல், சில நேரம் கடும் காய்ச்சல் வரை போகும். எல்லோருக்கும் வருவதில்லை, ஆனால் வந்தால் ஆஸ்பத்திரிதான்.

சுகர் மாத்திரையோ இன்சுலினோ போடுகிறவர்களுக்கு லினசோலிட்டோடு சர்க்கரை திடீரென்று இறங்குவதும் உண்டு. குமட்டலில் சாப்பாடு வேறு குறைந்திருக்கும். குளுக்கோமீட்டரில் வழக்கத்தைவிட இரண்டு தடவை கூடுதலாகப் பாருங்கள், பாக்கெட்டில் சர்க்கரை வைத்திருக்கட்டும். இருமல் மருந்து, மூக்கடைப்பு மாத்திரை எதையும் கடையில் கேட்டு வாங்கிப் போட வேண்டாம். சாப்பாட்டில் உப்புக்கண்டமும் கருவாடும் கொஞ்ச நாளைக்கு வேண்டாம், அப்படி உலர்த்திய, புளித்த பண்டங்களில் இருக்கும் ஒரு பொருள் இந்த மருந்தோடு சேர்ந்தால் பி.பி.யை ஏற்றும். உசிலம்பட்டிப் பக்கத்து ஆளிடம் உப்புக்கண்டம் வேண்டாம் என்று சொல்வது பாவம்தான், என்ன செய்ய.

உசிலைக்காரன்:

அண்ணே, கை நடுங்குகிறது எனக்கு. டப்பாவில் டூலாக்செட்டின் 20 இருக்கிறது. இரண்டு வருடம் முன்பு வேறொரு டாக்டர் கால் எரிச்சலுக்கு எழுதியது, அம்மா மாதாமாதம் பழைய சீட்டைக் காட்டியே வாங்கியிருக்கிறார், தினமும் ராத்திரி போடுகிறாராம். ஆஸ்பத்திரியில் "வேற என்ன மாத்திரை" என்று கேட்டபோது சுகர், பி.பி. இரண்டை மட்டும்தான் சொன்னோம். முந்தாநாளிலிருந்து வியர்க்கிறது என்கிறார், நாங்கள் வெயில் என்று நினைத்தோம். இப்போதே நிறுத்திவிடட்டுமா?

சிம்மக்கல் மெடிக்கல்:

எதையும் நீங்களாக நிறுத்தாதீர்கள். டிஸ்சார்ஜ் சீட்டில் இருக்கும் நம்பருக்கு இப்போதே அடியுங்கள், இரண்டு மாத்திரைப் பெயரையும் வியர்வையையும் சொல்லுங்கள். நடுக்கமோ உளறலோ இருந்தால் போன் வேண்டாம், நேரே கூட்டிக்கொண்டு போங்கள். வியர்வைக்கு சுகர் இறங்கியதும் காரணமாக இருக்கலாம், போகும் முன் ஒரு தடவை விரலைக் குத்திப் பாருங்கள்.

கல்ச்சர் பிளேட்:

நான் ஒரு லேபில் இருபது வருடமாக இந்தத் தட்டுகளைப் பார்த்துக்கொண்டிருக்கிறவள். போன் விஷயம் முடிந்தபிறகு நிதானமாகப் படியுங்கள் தம்பி.

உங்கள் அப்பா சொல்லும் அந்த "ஹை பவர்" என்ற சொல்தான் ஊரெல்லாம் குழப்புகிறது. எம்.ஆர்.எஸ்.ஏ. என்பது தோலிலும் மூக்கிலும் சாதாரணமாகக் குடியிருக்கும் ஸ்டாபிலோகாக்கஸ் ஆரியஸ் (சுருக்கமாக ஸ்டாப்) கிருமிதான், பென்சிலின் வம்சத்து மருந்து ஏறக்குறைய எதற்கும் மசியாமல் போன வகை. அந்த மருந்துகள் கிருமியின் சுவரில் போய் ஒட்டும் இடம் ஒன்று உண்டு, இந்த வகை அதற்கு மாற்றாக வேறொரு புரதத்தை வைத்துக்கொண்டது. பென்சிலினை எதிர்க்கும் ஸ்டாபைச் சமாளிக்க மெத்திசிலின் வந்தது 1959இல், அதற்கும் அடங்காத வகையை இங்கிலாந்தில் பார்த்தது 1961இல். இரண்டே வருடம்! இந்தக் கணக்கில் சாவி எவ்வளவு பெரியது என்பது பேச்சே இல்லை, சாவி வேறாக இருக்க வேண்டும், லினசோலிட் வேறு சாவி. சுவர்ப் பக்கமே போகாமல் உள்ளே நுழைந்து, கிருமி புரதம் செய்யும் ரைபோசோம் என்ற பட்டறையின் இரண்டு பாகமும் ஒன்றுசேரும் கட்டத்திலேயே தடுத்துவிடும். தறியில் பாவு பூட்டும் முன்னாலேயே கையைப் பிடித்துக்கொள்வது மாதிரி.

பென்சிலின் பூஞ்சையிலிருந்து வந்தது, ஸ்ட்ரெப்டோமைசின் மண்ணிலிருக்கும் கிருமியிடமிருந்து, வான்கோமைசின்கூட போர்னியோ காட்டு மண்ணிலிருந்து. இவை எல்லாம் இயற்கையில் கோடிக்கணக்கான வருடமாக இருப்பவை, அதனால் எதிர்க்கும் வித்தையும் ஏதோ ஒரு கிருமியிடம் ஏற்கெனவே இருந்தது. லினசோலிட் அப்படியில்லை, முழுக்க முழுக்க மனிதன் ஆய்வுக்கூடத்தில் கட்டியது. இந்த வகைப் பொருட்களை முதலில் தொட்டது அமெரிக்காவின் டூபாண்ட் கம்பெனி, நஞ்சு அதிகம் என்று கைவிட்டார்கள். அப்ஜான் கம்பெனி வேதியியலாளர்கள் விடாமல் அதன் உருவத்தை மாற்றி மாற்றி அமைத்து ஒருவழியாக மனிதருக்கு ஆகும்படி செய்தார்கள். 2000ஆம் ஆண்டு ஏப்ரலில் அங்கே அனுமதி கிடைத்தது. இயற்கையில் இல்லாத பொருள், கிருமிக்கு இதை எதிர்க்க லேசில் தெரியாது என்று எல்லோரும் நம்பினோம். 2001இலேயே பாஸ்டனில் ஒரு நோயாளியிடம் இதற்கும் அடங்காத எம்.ஆர்.எஸ்.ஏ. வந்துவிட்டது. ஆனாலும் இன்றுவரை அப்படிப்பட்ட ஸ்டாப் அரிதுதான், என் மேஜைக்கு வரும் ரிப்போர்ட்டில் லினசோலிட்டுக்கு நேராக "எஸ்" போடும்போது இன்னும் ஒரு நிம்மதி இருக்கிறது. "எஸ்" என்றால் மருந்து கேட்கும், "ஆர்" என்றால் கேட்காது, அவ்வளவுதான்.

சித்திக்குக் கொடுக்காதீர்கள். நீர்க்கடுப்புக்குப் பெரும்பாலும் காரணம் ஈ.கோலை, அது கிராம் நெகட்டிவ் என்ற வேறு கிருமிக் கூட்டம், ஸ்டாப் அதில் சேராது. லினசோலிட் அந்தக் கூட்டத்துக்குள் போனாலும் அவை பம்பு வைத்து வெளியே தள்ளிவிடும், நாலு இல்லை நாற்பது கொடுத்தாலும் ஒன்றும் ஆகாது, நல்ல கிருமிகள் சாவதுதான் மிச்சம். அவர் ரிப்போர்ட்டில் எதற்கு "எஸ்" இருக்கிறதோ அதை அவர் டாக்டர் எழுதட்டும். அந்தக் கூட்டத்துக்குப் புது மருந்து கண்டுபிடிப்பதுதான் பெரும்பாடு. அதிலும் நம்மூர்ப் பெயர் ஒன்று உண்டு, சென்னை ஆர்க்கிட் கம்பெனியில் பிறந்த என்மெட்டாசோபாக்டம், செஃபிபைம் என்ற ஆன்டிபயாடிக்கோடு சேர்த்து 2024 பிப்ரவரியில் அமெரிக்க அனுமதி வாங்கியது. அதெல்லாம் ஆஸ்பத்திரியில் போடும் ஊசி, சித்தி கேட்கப் போவதில்லை.

நாள் கணக்கு பற்றி. "கோர்ஸை முடி" என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வதில் எனக்கு முழு உடன்பாடு இல்லை. பல தொற்றுகளுக்குக் குறைந்த நாளே போதும் என்று இப்போது தெரிந்திருக்கிறது, டாக்டர் புண்ணைப் பார்த்து பத்தாம் நாளே போதும் என்றாலும் சொல்லலாம். ஆனால் சுகர் காலில் மேலே சதை சிவந்திருக்கும், அடியில் எலும்புக்குத் தொற்று இறங்கியிருக்கும், அப்படியானால் வாரக்கணக்கில் போகும். அதை எக்ஸ்ரே பார்த்தவர்தான் சொல்ல முடியும், வீட்டில் கட்டுப் பிரித்துப் பார்க்கிறவர் சொல்ல முடியாது. ஆக 14க்கு முன்னால் நிறுத்துவது தப்பு என்பதில்லை, நீங்கள் நிறுத்துவதுதான் தப்பு.

முக்கியமானது, வாரம் ஒரு தடவை ரத்த அணுக்களின் எண்ணிக்கை பார்க்கச் சொன்னார்களா? நம் செல்லுக்குள் அதற்குச் சக்தி தரும் மைட்டோகாண்ட்ரியா என்று ஒன்று இருக்கிறது, அதன் பட்டறையும் கிருமியின் பட்டறையும் பங்காளி ஜாடை. அதனால் மருந்து அங்கேயும் கை வைக்கும். ரத்தம் உறைய உதவும் பிளேட்லெட் அணுக்கள் குறைவதற்கும் அது ஒரு காரணமாக இருக்கலாம், பெரும்பாலும் இரண்டு வாரத்தை ஒட்டி, சிறுநீரகம் பலவீனமானவர்களுக்கு இன்னும் சீக்கிரம்.

தோப்பூர் ரோடு:

அக்கா சொன்ன மைட்டோகாண்ட்ரியா கதையை எங்கள் வீட்டில் அனுபவித்தே பார்த்தோம். மாமாவுக்கு மருந்துக்கு அடங்காத டி.பி., பெடாக்குவிலின், பிரிட்டோமானிட் இரண்டோடு இதே லினசோலிட் 600, தினம் ஒன்று, ஆறு மாதம். தென்னாப்பிரிக்காவில் இந்த மூன்று மருந்துக் கூட்டை முதலில் சோதித்தபோது தினம் 1200 கொடுத்தார்களாம், 109 பேரில் ஏறக்குறைய பத்துக்கு ஒன்பது பேர் தேறினார்கள், ஆனால் பத்துக்கு எட்டுப் பேருக்குக் கை கால் நரம்பு மரத்தது, அதனால்தான் அளவைக் குறைத்தார்கள் என்று டாக்டர் சொன்னார். மாமாவுக்கு மூன்றாம் மாதம் விரல் நுனியெல்லாம் எறும்பு ஊர்கிற மாதிரி ஆரம்பித்தது. நாலாம் மாதம் சிவப்பு வெளிறித் தெரிகிறது என்றார், அவர் கடையில் துணி விற்கிறவர், கலரில் தப்பே செய்யாத ஆள். உடனே கண் டாக்டரிடம் காட்டி, லினசோலிட்டை மட்டும் நிறுத்தினார்கள். கண் தெளிந்துவிட்டது, கால் மரமரப்பு இன்னும் கொஞ்சம் இருக்கிறது, உயிர் இருக்கிறது.

உசிலைக்காரரே, இதைப் படித்துப் பயப்படாதீர்கள், அது மாதக்கணக்கு, உங்களுடையது நாள் கணக்கு. ஆனால் ஏற்கெனவே உணர்ச்சி இல்லாத காலில் புது மரமரப்பு வந்தால் அப்பாவுக்குத் தெரியவே தெரியாது. கையைக் கேளுங்கள். தினம் சட்டைப் பட்டன் போட முடிகிறதா என்று பாருங்கள்.

வைகைக்கரை:

மோரை நான் வாபஸ் வாங்கிக்கொள்கிறேன்.

உசிலைக்காரன்:

மூன்று நாள் கழித்து எழுதுகிறேன். அன்று ராத்திரியே கூட்டிப்போனோம். சுகர் 68 இருந்தது, வியர்வைக்கு அதுதான் காரணமாக இருக்கும் என்றார்கள், ஆனால் கையில் லேசான நடுக்கமும் இருந்ததால் டூலாக்செட்டினை நிறுத்தி ஒரு நாள் வைத்துப் பார்த்தார்கள். சுகர் மாத்திரையில் ஒன்றைப் பாதியாக்கியிருக்கிறார்கள். டாக்டர் அம்மாவைத்தான் பார்த்தார், திட்டவில்லை, "வீட்டில் இருக்கிற எல்லா அட்டையையும் ஒரு பையில் போட்டுக் கொண்டுவாங்க" என்றார். அம்மா கொண்டுபோன பையில் பதினோரு அட்டை இருந்தது, அதில் இரண்டு என் தாத்தாவுடையது, அவர் தவறி ஆறு வருடம் ஆகிறது.

பிளேட்லெட் சேர்ந்த அன்று 2,40,000, இப்போது 1,80,000. இன்னும் நாலு நாளில் திரும்பப் பார்க்கச் சொன்னார்கள். எலும்பில் ஒன்றும் இல்லையாம், 14 நாளோடு முடியும். சித்தி கோபத்தில் இருக்கிறார், நாலு மாத்திரைக்குக் கணக்குப் பார்க்கிறான் என்று ஊரெல்லாம் சொல்லிவிட்டார். மாத்திரை முடிந்து எத்தனை நாள் கழித்து அப்பா கருவாடு சாப்பிடலாம்? ஆஸ்பத்திரியில் கேட்க மறந்துவிட்டேன், காலையிலிருந்து அதையே கேட்டுக்கொண்டிருக்கிறார்.

சிம்மக்கல் மெடிக்கல்:

கடைசி மாத்திரை போட்டு ஒரு முழு நாள் போகட்டும், மருந்து அதற்குள் பெரும்பாலும் இறங்கிவிடும். அவருக்கு பி.பி. இருக்கிறது என்றீர்களே, கருவாட்டில் இருக்கும் உப்புக்கும் சேர்த்து டாக்டரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். தாத்தாவின் அட்டைகளைத் தூக்கிப் போட்டாச்சா?