புதுப்பிப்பு: பொரித்த காய்கறி இப்போது நமத்துப்போவதில்லை

பொரித்த காய்கறியின் மேல்மாவு ஐந்தே நிமிடத்தில் நமத்துப்போகிறது, எண்ணெயும் குடிக்கிறது என்று போன தடவை எழுதியிருந்தேன். யோசனை சொன்ன எல்லோருக்கும் நன்றி. நான்கு முறை செய்து பார்த்துவிட்டேன், இப்போது சரியாக வருகிறது.

மாவைக் கட்டியில்லாமல் வரும்வரை அடித்துக் கலக்கியதுதான் நான் செய்த பெரிய தப்பு. மைதாவைக் கலக்கக் கலக்க குளூட்டன் (மாவுக்கு இழுவை தரும் புரதம்) கூடி, மேல்மாவு ரப்பர் மாதிரி ஆகிவிடுகிறது. கார்ன்ஃப்ளவரில் குளூட்டன் கிடையாது. அதனால் இப்போது அது பாதி, மைதா பாதி, உப்பு, ஒரு சிட்டிகை பேக்கிங் பவுடர். ஃப்ரிட்ஜில் குளிரவைத்த சோடாவை ஊற்றி முள்கரண்டியால் பத்துப் பதினைந்து சுற்று, அவ்வளவுதான். சின்னக் கட்டிகள் இருந்தால் இருக்கட்டும். கரைத்த உடனே பொரித்துவிட வேண்டும். இரண்டாம் முறை அரை மணி நேரம் வைத்திருந்தேன்; குமிழியெல்லாம் போய், பழையபடி கனமாகத்தான் வந்தது.

காயை ஈரம் போகத் துடைத்து, உலர்ந்த மாவில் லேசாகப் புரட்டிவிட்டு முக்கினால் மேல்மாவு கழன்று வருவதில்லை. எண்ணெய் 175–180 டிகிரி செல்சியஸ், ஒரு ஈடுக்கு நான்கைந்து துண்டுதான்.

எடுத்ததைக் காகிதத்தில் குவிக்காமல் கம்பி வலைமேல் பரப்பச் சொன்னவருக்குத் தனி நன்றி! அடியில் நீராவி தங்காததால் கடைசித் துண்டுவரை மொறுமொறுப்பு.

கத்தரிக்காய் மட்டும் இன்னும் சீக்கிரம் இளகுகிறது. அடுத்த முறை மெல்லியதாக நறுக்கி, உப்பு தடவி, தண்ணீரை வடித்துவிட்டுப் பொரிக்கப் போகிறேன்.